இல்லாட்டி மிஷின்

முதல் பட்டியலில் தபால் பிரிவு பால்சாமிக்குக் கழித்தல் ஆறு வந்தது. அதாவது, பால்சாமி என்று ஒருவன் இல்லாவிட்டால் எங்கள் நீர்ப்பங்கீட்டு அலுவலகம் இப்போது ஓடுவதைவிட நூற்றுக்கு ஆறு பங்கு நன்றாக ஓடும். அவன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி போட்டுப் பார்த்தான். கழித்தல் ஆறு அப்படியேதான் இருந்தது.

"அண்ணே, ஒரு சைபர்கூட இல்லையாண்ணே எனக்கு?" என்று என் தோளைப் பிடித்தான்.

அவனுக்கு ஆறுதல் சொல்ல எனக்கு நேரமில்லை. என் பெயரைத் தேடிக்கொண்டிருந்தேன். சோலைமலை, உதவியாளர், கண்மாய்ப் பிரிவு: முப்பத்துநான்கு. மேலிருந்து கீழ்வரை இரண்டு தடவை பார்த்துவிட்டேன், அலுவலகத்திலேயே அதுதான் அதிகம். எனக்குத் தலைகால் புரியவில்லை. பால்சாமியைக் கட்டிப்பிடித்து ஒரு டீ வாங்கிக்கொடுத்தேன்.

ஏன் இந்த ஆட்டம் என்று கேட்பீர்கள். இந்த அலுவலகத்தில் நான் சேர்ந்து முப்பத்துநான்கு வருடம். கண்காணிப்பாளர் பதவி மூன்று தடவை என் வாசல்வரை வந்துவிட்டுப் பக்கத்து வீட்டுக்குப் போயிருக்கிறது. அப்போதெல்லாம் ஆண்டு மதிப்பீட்டை மனிதர்கள் எழுதினார்கள். முதல் அதிகாரி என்னைப் பற்றி 'அளவுக்கு மீறிச் சிரிக்கிறார்' என்று எழுதினார். சரி, போகட்டும் என்று சிரிப்பைக் குறைத்தேன். அடுத்து வந்தவர் 'முகம் கொடுத்துப் பேசுவதில்லை' என்று எழுதினார். மூன்றாமவர் ரொம்ப நல்ல மனிதர், என்னைப் பற்றி ஒன்றுமே எழுதவில்லை. ஒன்றும் எழுதாவிட்டால் 'சுமார்' என்று எடுத்துக்கொள்ள வேண்டும் என ஒரு விதி இருப்பது அப்புறம்தான் தெரிந்தது. இன்னும் ஒரு வருடத்தில் எனக்கு ஓய்வு. வருகிற ஐப்பசியில் போடும் பட்டியல்தான் கடைசி வாய்ப்பு. அதையும் விட்டால் உதவியாளராகவே மாலை போட்டு வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்.

அந்தச் சமயத்தில்தான், தை மாதம், மிஷின் வந்தது. மாவட்ட அலுவலர் தீபலட்சுமி எங்களையெல்லாம் கூட்ட அறையில் உட்காரவைத்தார். என் மகள் வயதுதான் இருக்கும், ஆனால் குரலில் ஒரு பிசிறு கிடையாது.

"இனிமே உங்களைப் பத்தி நான் ஒரு வரிகூட எழுதப்போறதில்ல," என்றார். "பத்து வருஷக் கோப்பு, மனு, உத்தரவு எல்லாத்தையும் இது படிச்சாச்சு. இதுக்குள்ள நம்ம அலுவலகம் மாதிரியே இன்னொரு அலுவலகம் ஓடிக்கிட்டிருக்கு. நீங்க எல்லாரும் அதுல இருக்கீங்க."

"அங்கிட்டும் நான் டீ குடிக்கிறேனா மேடம்?" என்று பால்சாமி கேட்டான்.

"ஒரு நாளைக்கு ஏழு. அதுலருந்து ஒருத்தரை மட்டும் எடுத்துட்டு, ஒரு வருஷத்தை ஓட்டிப் பார்க்கும். அவர் இல்லாட்டி எத்தனை மனு நிக்குது, எத்தனை மடை திறக்காமப் போகுதுன்னு எண்ணும். அந்த வித்தியாசம்தான் உங்க மார்க். பிடிச்சவங்க, பிடிக்காதவங்க, சாதி, சிபாரிசு, எதுவும் அதுக்குத் தெரியாது."

எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. முப்பத்துநான்கு வருடமாக நான் வேண்டிக்கொண்ட அதிகாரி இதுதான். அரசாணையில் அதற்கு ஏதோ நீளமான பெயர் இருந்தது. நாங்கள் அன்று சாயங்காலத்துக்குள் அதற்கு 'இல்லாட்டி மிஷின்' என்று பெயர் வைத்துவிட்டோம்.

என் வேலை என்ன என்று சொல்லிவிடுகிறேன். மழை தன் இஷ்டத்துக்குப் பெய்கிற காலம் இது. எந்தக் கண்மாய்க்கு எத்தனை மணி நேரம் தண்ணீர் என்று நாங்கள் உத்தரவு போட்டால்தான் மடை திறக்கும். சிக்கல் என்னவென்றால், எங்கள் மாவட்டத்தின் எண்பத்திரண்டு கண்மாய்களுக்கும் தலைக்கு மூன்று பெயர். பழைய பதிவேட்டில் ஒரு பெயர், ஊர் வாயில் ஒரு பெயர், செயற்கைக்கோள் படத்தில் ஒரு எண். மனு கொடுப்பவர் ஊமையன் கண்மாய் என்பார். பதிவேட்டில் அது நல்லபெருமாள் ஏந்தல். படத்தில் நாற்பத்தொன்று. மூன்றும் ஒன்றுதான் என்று தெரிந்தவன் நான். ஒரு நோட்டில் எழுதியும் வைத்திருந்தேன்.

பட்டியலில் பூஜ்யம் வாங்கியவர் ஒரே ஒருவர்தான். ஷமீமா. என் அடுத்த மேஜை. பதினெட்டு வருடமாக அதே மேஜைதான், இளையான்குடியிலிருந்து தினமும் பஸ்ஸில் வருகிறவர். கண்காணிப்பாளர் பதவிக்குத் தகுதி பெற்றவர்கள் இந்த வருடம் இரண்டு பேர். ஒன்று நான், மற்றொன்று அவர்.

இந்த அலுவலகத்தில் யாருக்கு என்ன வேலை தெரிந்தாலும் அது ஷமீமா சொல்லிக்கொடுத்ததாகத்தான் இருக்கும். புதிதாக வருகிறவர்களுக்கு மட்டுமில்லை, எனக்கே மடை உத்தரவைத் திரையில் ஏற்றச் சொல்லிக்கொடுத்தது அவர்தான். ஒவ்வொரு கோப்பின் மேலேயும், இதை அடுத்து என்ன செய்ய வேண்டும் என்று நாலு வரி எழுதி வைத்துவிடுவார். அவர் வராத நாளிலும் அவர் மேஜை வேலை நடந்துகொண்டே இருக்கும். மிஷின் அதைத்தான் கண்டுபிடித்தது.

"உங்களை எடுத்தா எதுவும் நிக்கலம்மா," என்றார் தீபலட்சுமி, கொஞ்சம் சங்கடத்தோடு. "உங்க வேலை எல்லாருக்கும் தெரியுது."

"யார் சொல்லிக்கொடுத்து தெரியுதுன்னு அது பார்க்காதா மேடம்?"

"இன்னையிலிருந்து இனிமே என்ன ஆகும்னுதான் அது பார்க்கும். நேத்தைய கதை அதுக்கு வேண்டாம்."

ஷமீமா சரி என்று சொல்லிவிட்டு வந்து உட்கார்ந்தார். எனக்கு அவர்மேல் பாவமாக இருந்தது. ஐந்து நிமிடம் இருந்தது. அதற்குமேல் பரிதாபப்பட முடியவில்லை, போட்டி அவரோடுதானே.

சூத்திரத்தை முதலில் பிடித்தவன் பால்சாமிதான். டீக்கடையில் என் காதோரம் வந்து சொன்னான்: "அண்ணே, நான் இல்லாட்டி வேலை நிக்கணும். அம்புட்டுத்தான?"

மறுநாளே தபால்களை எண் வரிசையிலிருந்து எடுத்து, வந்த நாளின் நட்சத்திரப்படி அடுக்கிவிட்டான். அவசரத் தபால் வேண்டுமென்றால் அது கார்த்திகையா ரோகிணியா என்று அவனைத்தான் கேட்க வேண்டும். மாசி பட்டியலில் அவனுக்கு நாற்பத்தொன்று. அலுவலகத்தில் எல்லோருக்கும் ஜிலேபி கொடுத்தான்.

அப்புறம் கேட்கவே வேண்டாம். ஜீப் ஓட்டுகிற இருளப்பன், வண்டி தன் குரலுக்கு மட்டும் கிளம்புகிற மாதிரி மாற்றிவைத்தார், அதுவும் ஒரு குறிப்பிட்ட கெட்ட வார்த்தை சொன்னால்தான். ஒருமுறை தீபலட்சுமி மேடம் அவசரமாகப் போக வேண்டியிருந்தபோது, அவர் முன்னால் அந்த வார்த்தையைச் சொல்ல முடியாமல் இருளப்பன் அரைமணி நேரம் வண்டிக்குள் உட்கார்ந்திருந்தார். பொருள் பிரிவு மேகலா அலமாரிச் சாவிகளிலிருந்த சீட்டுகளையெல்லாம் பிய்த்துப் போட்டுவிட்டு, எந்தச் சாவி எதற்கு என்பதை மனதில் வைத்துக்கொண்டார். ஒரு வெள்ளைத்தாள் வேண்டுமென்றாலும் மேகலா சாப்பிட்டு வரும்வரை காத்திருக்க வேண்டும். ஒருவரும் ஒருவருக்கும் எதையும் சொல்லிக்கொடுப்பதில்லை. சந்தேகம் கேட்டால் முகட்டைப் பார்த்தார்கள். அலுவலகம் முழுக்க மேதைகளாகிவிட்டோம்.

நான் மட்டும் இளைத்தவனா? நோட்டை எடுத்து மஞ்சள் பைக்குள் போட்டு வீட்டுக்குக் கொண்டுபோனேன். கோப்புகளில் கண்மாய்க்கு ஊர் வாயில் வழங்கும் பெயர் வருகிற இடங்களையெல்லாம் அழித்தேன். எந்தக் கண்மாய் என்பதை எழுதாமல், மடைக்காரர்களுக்குப் போன் போட்டு வாயாலேயே சொன்னேன். பங்குனியில் ஐம்பத்தெட்டு. வைகாசியில் எழுபத்தைந்து.

"எல்லாம் நல்லாத்தான் ஓடுது," என்று பால்சாமி சொன்னான். அவன் சொன்னது மதிப்பெண்ணை. மனுக்கள் மூன்றடி உயரத்துக்கு நின்றன.

ஷமீமா மட்டும் பழையபடி கோப்பின் மேல் நாலு வரி எழுதிக்கொண்டிருந்தார். ஒருநாள் எனக்கே பொறுக்காமல், "எதையாவது ஒளிச்சு வைங்கம்மா, பத்து மார்க்காவது வரட்டும்" என்றேன். "எதை சார் ஒளிக்கிறது, எல்லாத்தையும்தான் சொல்லிட்டேனே" என்றார்.

ஆனியில் அடுத்த புத்தி வந்தது. நிஜமாகவே லீவு போட்டால், அன்றைக்கு என்ன நின்றது என்பதையும் மிஷின் சேர்த்துக்கொள்கிறது என்று தெரிந்துவிட்டது. உடனே விண்ணப்பங்கள் மழையாகக் கொட்டின. முன்பெல்லாம் லீவு கிடைத்தால் சந்தோஷம், இப்போது லீவில் இருக்கும்போது அலுவலகத்திலிருந்து போன் வந்தால்தான் சந்தோஷம். பால்சாமி குடும்பத்தோடு கொடைக்கானல் போய், போனையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தானாம். பத்தொன்பது தடவை அடித்தது, ஒன்றைக்கூட எடுக்கவில்லையாம். அவன் மனைவிக்கு ஒன்றும் புரியவில்லை, ஆனால் இவ்வளவு மகிழ்ச்சியாக அவனைப் பார்த்ததில்லை என்று சொன்னாளாம்.

நானும் ஆடியில் மூன்று நாள் லீவு போட்டேன், நாற்று விடுகிற நேரமாகப் பார்த்து. வீட்டில் படுத்துக்கொண்டு முருங்கைக்காய் சாம்பார் சாப்பிட்டேன். நாலாம் நாள் போனபோது வெளிப்பெஞ்சில் குருவம்மாள் என்ற பெண் உட்கார்ந்திருந்தார். இரண்டு ஏக்கர்க்காரர். ஊமையன் கண்மாயில் தண்ணீர் கேட்டு மனு. அவர் பெயருக்கு உத்தரவு தயார், எந்த மடையைத் திறப்பது என்று சொல்லத்தான் ஆளில்லை. மூன்று நாளும் காலை முதல் மாலைவரை அந்தப் பெஞ்சிலேயே இருந்திருக்கிறார். ஐந்து நிமிடத்தில் மடையைத் திறக்கவைத்தேன்.

"நீங்கதான் அந்தச் சாரா?" என்றார். "உங்களுக்கு ஒண்ணு ஆகிப்போச்சுன்னா எங்க ஊரு என்னய்யா செய்யும்? நாத்து பாதி மஞ்சளாப் போச்சு."

வெட்கமாக இருந்தது, அதை மறைக்கப்போவதில்லை. ஆனால் ஆவணி பட்டியலில் தொண்ணூற்றேழு என்று பார்த்தபோது, வெட்கம் எங்கே போனது என்று தெரியவில்லை. தொண்ணூற்றேழு! மாவட்டத்திலேயே யாரும் வாங்கியதில்லை. கண்காணிப்பாளர் அறையின் நாற்காலி கொஞ்சம் ஆடுகிறது என்று கேள்விப்பட்டு, ஆள் இல்லாத நேரம் உள்ளே போய் உட்கார்ந்து பார்த்தேன். ஆடத்தான் செய்தது, எனக்குப் பரவாயில்லை. வீட்டில் புது வேட்டி எடுத்தாயிற்று. ஐப்பசி பிறந்ததும் மகள் பேரனோடு ரயில் ஏறிவிட்டாள்.

ஐப்பசி பதினொன்று, திங்கட்கிழமை. கூட்ட அறையில் தீபலட்சுமி மேடம் உத்தரவை வாசித்தார். "கண்காணிப்பாளராகப் பதவி உயர்வு பெறுபவர், எம். ஷமீமா."

நான் எழுந்து நன்றி சொல்ல வாயைத் திறந்துவிட்டேன். அப்படியே நின்றேன்.

"மேடம், தொண்ணூத்தேழு," என்றேன்.

"ஆமா சார். அதனாலதான்." அரசாணையைப் புரட்டி என் பக்கம் திருப்பினார். "பதவி உயர்வுன்னா என்ன? ஒருத்தரை அவர் நாற்காலியிலிருந்து எடுக்கிறது. உங்களை எடுத்தா கண்மாய்ப் பிரிவு படுத்துரும்னு மிஷினே சொல்லுது. ஷமீமாவை எடுத்தா ஒண்ணும் ஆகாது. யாரை எடுத்தா நஷ்டம் குறைவோ அவங்களைத்தான் மேல ஏத்தணும். இணைப்பு ரெண்டு, பத்தி நாலு. எல்லாரும் படிச்சதாக் கையெழுத்துப் போட்டிருக்கீங்களே?"

போட்டிருந்தோம். முப்பத்துநான்கு வருடத்தில் எந்த அரசாணையின் இணைப்பை நான் படித்திருக்கிறேன்? எல்லோரும் போடுகிறார்கள், நானும் போட்டேன். இது எங்கள் அலுவலகத்து வழக்கம். மார்க் போடுவது மிஷின், அதிக மார்க்குக்குத்தான் பதவி என்று நாங்களாகவே முடிவு செய்துகொண்டோம்.

"இன்னொண்ணும் இருக்கு," என்றார். அவர் முகத்தில் நிஜமான மகிழ்ச்சி. "நீங்க ரிட்டயர் ஆனாலும் அதே நஷ்டம்தான? அதனால உங்களுக்கு மூணு வருஷம் பணி நீட்டிப்புக்குப் பரிந்துரை பண்ணியிருக்கு. அதே இருக்கையில. வாழ்த்துகள் சார்."

எல்லோரும் கைதட்டினார்கள். பால்சாமி ரொம்ப நேரம் தட்டினான். அறுபத்து மூன்று வயதுவரை உதவியாளர். லீவு போட்டால் மாவட்டமே நிற்கும் என்பதால் லீவும் கிடைக்காது. மகளுக்கு என்ன சொல்வது, புது வேட்டியை என்ன செய்வது?

அன்று முழுக்க யோசித்தேன். மறுநாள் காலையில் நோட்டைத் தூக்கிக்கொண்டு கண்காணிப்பாளர் அறைக்குப் போனேன். ஷமீமா அந்த ஆடுகிற நாற்காலியில் நுனியில் உட்கார்ந்திருந்தார். முகத்தில் பதவி கிடைத்த களையே இல்லை.

"வாழ்த்து சொல்ல வந்தேம்மா," என்றேன்.

"எதுக்கு சார்? போஸ்டு கிடைச்சிருக்கு, நியாயம் கிடைக்கல. நான் இருந்தாலும் ஒண்ணுதான், இல்லாட்டியும் ஒண்ணுதான்னு எழுதி, அதுக்காகவே மேல ஏத்திட்டாங்க. இதை வீட்டில எப்படிச் சொல்றதுன்னு தெரியல."

எனக்கு என் அவசரம். "அது இருக்கட்டும். எனக்கு ஒரு உதவி செய்ங்க. இந்த எண்பத்திரண்டு கண்மாயையும் உங்களுக்குச் சொல்லித்தந்துர்றேன். மிஷின் முன்னாடி நீங்க அதைச் செஞ்சு காட்டுங்க. இன்னொருத்தருக்கும் தெரியும்னு அது பார்த்துட்டா என் மார்க் இறங்கிரும், நானும் மரியாதையா ரிட்டயர் ஆயிருவேன். தினம் அஞ்சு கண்மாய், பதினேழு நாள்ல முடிச்சிரலாம்."

அவர் நோட்டைத் திறக்கவில்லை. எழுந்து போய் மிஷின் முன்னால் உட்கார்ந்தார். அது திரையில் ஒவ்வொரு எண்ணாகக் காட்டியது. அவர் சொல்லிக்கொண்டே போனார். நாற்பத்தொன்று, நல்லபெருமாள் ஏந்தல், ஊமையன் கண்மாய். பன்னிரண்டு, சங்கரநாதன் தாங்கல், செட்டிச்சி ஊருணி. எந்த மடை துருப்பிடித்தது, எந்த மடைக்காரருக்குக் காது கேட்காது என்பதுவரை சொன்னார். இருபது நிமிடத்தில் எண்பத்திரண்டும் முடிந்தது. ஒன்றுகூடத் தப்பவில்லை.

எனக்கு வாய் மூடவில்லை. "எப்படிம்மா?"

"பதினெட்டு வருஷமா நீங்க போன்ல பேசுறது கலெக்டர் ஆபீஸ்வரைக்கும் கேக்குது சார். பக்கத்து மேஜையில இருக்கிற எனக்குக் கேக்காதா?"

திரையில் என் மதிப்பெண் இறங்கத் தொடங்கியது. எழுபது, நாற்பது, பதினெட்டு, பூஜ்யம். நான் குதிக்காத குறை. விடுதலை என்று கையைத் தூக்கினேன். அப்போது மிஷின் யாரும் கேட்காமலே பதவி உயர்வுப் பட்டியலை மறுபடி கணக்கிட்டு ஒரு வரி காட்டியது. 'இருவரும் சமம். பணிமூப்பின்படி உரியவர்: சோலைமலை. உத்தரவு நேற்று வெளியானதால் மாற்ற இயலாது.'

இரண்டு பேரும் அதைப் படித்தோம். நான் இரண்டாம் தடவையும் படித்தேன்.

மறைக்காமல் இன்னொருவருக்குச் சொல்லிக்கொடுத்திருந்தால் போதும். நோட்டை எல்லோரும் பார்க்கிற மாதிரி மேஜைமேல் போட்டு வைத்திருந்தால் போதும். அல்லது இந்தப் பெண் ஆவணியில் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும், என் மார்க் தலைகுப்புற விழுந்து, நான் நேராக அந்த நாற்காலியில் போய் விழுந்திருப்பேன்.

"தெரிஞ்சிருந்தும் ஏம்மா சொல்லல?" என்று கேட்டேன். எனக்குக் கோபம் வந்தது, சிரிப்பும் வந்தது, எதை முதலில் விடுவது என்று தெரியவில்லை. "சொல்லியிருந்தா என் மார்க் போயிருக்கும், அப்ப உங்களுக்கு நல்லதுன்னுதான அன்னைக்கு எல்லாரும் நினைச்சிருப்போம்?"

"அதனாலதான் சொல்லல." அவர் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். "மூணு தடவை உங்களை விட்டுட்டாங்க. நாலாவது தடவை என்னால போயிரக் கூடாதுன்னு நெனச்சேன். குருவம்மாக்கா மூணு நாள் அந்தப் பெஞ்சில உக்காந்திருந்தாங்க சார். அது எந்தக் கண்மாய்னு எனக்குத் தெரியும். வாயைத் திறந்தா நீங்க கவுந்துருவீங்கன்னு, பார்த்துக்கிட்டே கம்முன்னு இருந்தேன். அந்தப் பாவம் என்னைச் சேர்ந்தது."

முப்பத்துநான்கு வருடத்தில் என்னைப் பற்றி யாரும் இவ்வளவு நல்லதாக நினைத்ததில்லை. எந்தக் கோப்பிலும் அது இல்லை, எந்த மிஷினும் அதைப் பார்க்கவில்லை. நான் மூன்று நாள் சாம்பார் சாப்பிட்டதும் அந்தம்மாள் நாற்று மஞ்சளானதும் அப்போதுதான் உறைத்தது.

வெளியே பெஞ்சில் நாலைந்து பேர் வந்து உட்கார்ந்திருந்தார்கள். மேகலா சாப்பிடப் போயிருந்தார், பால்சாமி ஏதோ பரணி நட்சத்திரத் தபாலைத் தேடிக்கொண்டிருந்தான்.

"இப்ப என்ன சார் செய்யலாம்?" என்று ஷமீமா கேட்டார்.

"அதை நான்தான உங்ககிட்ட கேக்கணும்," என்றேன். "கண்காணிப்பாளர் நீங்க."

அவர் நோட்டை எடுத்து, எல்லோர் கைக்கும் எட்டுகிற மாதிரி வெளி மேஜையில் கொண்டுபோய் வைத்தார்.

"முதல்ல வந்தவங்களைக் கூப்பிடுங்க சார்," என்றார்.

கூப்பிட்டேன்.